சம்மாட்டி கூப்பிட்ட பேர்கள்

உங்கள் பேரை யாராவது கடற்கரையில் நின்று ஊருக்கே கேட்கக் கூப்பிட்டு, "இந்தா, இது உன்ர" என்று ஒரு பத்திரிகைக் கொம்பனியைத் தந்திருக்கிறார்களா?

எனக்குத் தந்தார்கள். முழுதாக இல்லை, ஒரு பங்கு. அதற்குக் கையெழுத்து இல்லை, முத்திரை இல்லை, ஒரு துண்டுக் கடதாசிகூட இல்லை. சல்லிக் கடற்கரையில் வெயில் ஏறுவதற்கு முதல் ஒரு மனுஷி என் பேரைக் கூப்பிட்டார். நான் "ஓம்" என்றேன், ஆமாம் என்பதற்கு எங்கள் பக்கத்துச் சொல். சுற்றி நின்ற சனம் கேட்டது. அவ்வளவுதான், முடிந்தது. திருகோணமலையில் நாலு பத்திரிகை வைத்திருக்கும் நிறுவனத்துக்கு நானும் ஒரு சொந்தக்காரி. பல்கலைக்கழகம் முடித்து அங்கே வேலைக்குச் சேர்ந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. ஊடகம் பற்றி எனக்குத் தெரியாதது எதுவும் உலகத்தில் மிச்சம் இல்லை என்று நம்பிக்கொண்டு திரிந்த காலம்.

அந்த மனுஷியின் பேரை இங்கே போட மாட்டேன். தன் பேர் எழுத்தில் வருவது அவருக்குப் பிடிக்காது. நாலு பத்திரிகைக்குத் தலைவி, எழுத்தில் பேர் வருவது பிடிக்காது! முதல்முதல் கேட்டபோது நான் வாய் விட்டுச் சிரித்தேன். ஊர் அவரைச் சம்மாட்டி என்றது. கரையில் நின்று கயிறு பிடித்து இழுக்கிற கரைவலைக்குச் சொந்தக்காரரை எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வது. முன்னால் அக்கா, பின்னால் சம்மாட்டி. நான் மட்டும் அன்ரி என்று கூப்பிட்டேன். அந்தச் சொல்லைக் கேட்டால் அவருக்குப் பல்லுக்கொதி வந்த மாதிரி முகம் கோணும். அதற்காகவே கூப்பிட்டேன்.

அவருடைய குரலைச் சொல்ல வேண்டும். தகப்பனின் வலை சல்லிக் கரையில் ஓடிய காலத்தில், கயிறு இழுக்க ஆட்களைக் கூப்பிடுவது சின்ன வயதில் அவருடைய வேலையாம். அலைக்கு மேலால் கத்திப் பழகிய தொண்டை. அலை இல்லாத இடத்திலும் அது இறங்கவே இல்லை. எங்கள் கட்டிடம் துறைமுகத்துக்கு இரண்டு தெரு தள்ளி இருந்தது. கீழே அச்சு மிசின், மேலே கந்தோர். மேலே இருந்து சம்மாட்டி கேள்வி கேட்டால் எதிர்ப்பக்கத்துத் தேத்தண்ணிக் கடை பதில் சொல்லும். நெல் விலைச் செய்தியோடு கிளிவெட்டியில் இருந்து வந்த கமக்காரர் ஒருவர், தன்னை ஏசுகிறார் என்று நினைத்து எழும்பிப் போய்விட்டார். சம்மாட்டி கேட்டது, தேத்தண்ணிக்குச் சீனி போடவா என்று.

அதைவிடப் பெரிய கரைச்சல் அந்த ஓம். எந்த விஷயத்தையும் நேரே தொடங்க மாட்டார். முதலில் உங்கள் பேர். பிறகு நிற்பார். நீங்கள் முன்னால்தான் இருக்கிறீர்கள், அவரைத்தான் பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள், ஆனாலும் "ஓம்" என்று சொன்னால்தான் அடுத்த சொல் வரும். வட்ஸ்அப் வந்தும் திருந்தவில்லை. குரல் பதிவு ஒன்று வந்து விழும். திறந்தால் என் பேர் மட்டும் இருக்கும், பின்னால் காற்று இரையும். நான் "ஓம்" போட வேண்டும். போட்ட பிறகுதான் இரண்டாவது பதிவில் விஷயம் வரும். ஒருநாள் கந்தோர் குறூப்பில் எல்லோருடைய பேரையும் ஒவ்வொன்றாக அனுப்பினார். யாரோ செத்துவிட்டார்கள் என்று பயந்து நாங்கள் வரிசையாக ஓம் போட்டு முடித்தோம். விஷயம் வந்தது: மத்தியானம் கணவாய்க் கறி இருக்கிறது, ஒருவரும் வீட்டுக்குச் சாப்பிடப் போக வேண்டாம்.

கொம்பனி எப்படி வந்தது என்பதை எனக்குச் சொன்னவர் ரசாக் நானா. கிண்ணியாக்காரர். கடதாசிக் கடை வைத்திருந்தபடியே எங்கள் விளம்பரப் பகுதியையும் பார்த்தார். சம்மாட்டியோடு தொடக்கத்தில் இருந்து நின்றவர். சண்டைக் காலத்தில் கடலுக்குப் போகத் தடை வந்து, வலை கரையிலேயே கிடந்து உக்கத் தொடங்கியிருக்கிறது. அதே நேரம் பட்டினத்தில் ஓர் அச்சகக்காரர் கனடாவுக்குப் போக நின்றார். சம்மாட்டி கயிற்றுக்காரர்களைக் கூப்பிட்டார். ஒருவர் சைக்கிளை விற்றார், ஒருத்தி தோட்டைக் கழற்றினாள், ரசாக் நானா கடதாசி தந்தார், ஒன்றுமே இல்லாதவர்கள் உடம்பைத் தந்தார்கள். மீன்பிடிக்காரர் எல்லாம் சேர்ந்து வாரப் பத்திரிகை தொடங்கினார்கள். பட்டினத்தில் படித்தவர்கள் அதற்கு மீன் சுற்றுகிற பேப்பர் என்று பட்டம் வைத்தார்கள். பிறகு அவர்களும் வாங்கினார்கள். எந்தப் பாதை திறந்திருக்கிறது, எந்தக் கடையில் மா வந்திருக்கிறது, யார் வீட்டில் செத்தவீடு என்று அதில்தான் இருந்தது.

பங்கு பிரிக்கிற விதம் கரைவலையில் இருந்து அப்படியே வந்தது. வலைக்காரருக்கு ஒரு பாகம், மிச்சம் கயிறு பிடித்தவர்களுக்கு. அந்தக் கரையில் இன்னொரு வழமையும் உண்டு. நேற்று வரை இழுத்தவர் இன்று காய்ச்சலில் கிடந்தால் அவருடைய பங்கு வீட்டுக்குப் போகும். செத்தால் பெண்சாதிக்குப் போகும். பேரை மட்டும் வெட்டக் கூடாது. தகப்பன் மீனில் செய்ததை மகள் பத்திரிகையில் செய்தார். எழுத்துக் கோர்த்தவர், பத்திரிகைக் கட்டைச் சைக்கிளில் கொண்டுபோனவர், கட்டை இறக்கி வைக்கத் தன் கடை வாசலை விட்டவர், எல்லோரும் பங்காளிகள்.

சண்டை முடிந்து பாதை திறந்த பிறகு நிறுவனம் ஊதிப் பெருத்தது. மூதூரில் ஒரு பத்திரிகை சேர்ந்தது. கிளிவெட்டிப் பக்கம் வயல்காரருக்கென்று ஒன்று தொடங்கியது. நிலாவெளியில் ஹோட்டல் விளம்பரத்துக்காக ஒரு பெடியன் நடத்திய தாளும் வந்து சேர்ந்தது. சம்மாட்டி இவற்றை வாங்கினார் என்று சொன்னால் பிழை. அவர் ஆட்களைச் சேர்த்தார், பத்திரிகை ஆட்களோடு வந்தது. நிலாவெளிப் பெடியன் அவுஸ்திரேலியா போவதற்காகத் தாளை விற்கத்தான் வந்தான். விற்க வேண்டாம், பிடித்துக்கொண்டே போ என்றிருக்கிறார். அவன் இப்போது மெல்பேர்னில் பஸ் ஓட்டுகிறான். ஒவ்வொரு வருஷமும் அவன் பேரைக் கூப்பிடும்போது தாய்க்காரி போனை உயர்த்திப் பிடிப்பார். வீடியோவில், சீருடையோடு, அவன் "ஓம்" என்பான். சிக்னல் போனால் சம்மாட்டி சிக்னல் வரும் வரைக்கும் நிற்பார். சனமும் நிற்கும்.

சல்லி அம்மன் கோயில் பொங்கல் முடிந்து வருகிற ஞாயிறுதான் அந்தக் கூப்பிடுகை. என்னை முதல் வருஷம் பிடித்து இழுத்துக்கொண்டு போனார்கள். நான் ஏதோ சுற்றுலா என்று நினைத்துக் கறுப்புக் கண்ணாடியோடு போனேன். கவிழ்த்து வைத்த வள்ளத்தில் ஒரு காலை வைத்துக்கொண்டு, கையில் ஒன்றும் இல்லாமல், சம்மாட்டி தொடங்கினார். பேர், ஓம், பங்கு. பேர், ஓம், பங்கு. சல்லிக்காரர், கிண்ணியாக்காரர், மூதூர்க்காரர், பட்டினத்தார். செத்தவர் பேருக்கு மகள் ஓம் சொன்னாள். மகளும் இல்லாத பேர் வந்தபோது ஒருவரும் வாய் திறக்கவில்லை. சம்மாட்டி கடலைப் பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றார். பிறகு அடுத்த பேர். அடுத்த வருஷமும் அந்தப் பேரைக் கூப்பிட்டார். இத்தனை பேரை எப்படி மனதில் வைத்திருக்கிறார் என்று ரசாக் நானாவிடம் கேட்டேன். கரையில் கயிறு பிடித்து நிற்கிற வரிசையில் எல்லோரையும் மனதுக்குள் நிறுத்தி வைத்திருக்கிறாவாம், முன்னால் நிற்பவர் பின்னால் நிற்பவரைக் காட்டித் தருவாராம். கடைசியாக என் பேர் வந்தது. நான் கண்ணாடியைக் கழற்றினேன்.

பங்கு என்று கையில் தந்தது என்ன என்று கேட்பீர்கள். பழைய நல்ல காலத்தில் காசு உறை. நான் போனபோது கலண்டரும் ஒரு பார்சல் கருவாடும். பெற்றோல் வரிசைக் காலத்தில் கருவாடு மட்டும். கடைசி இரண்டு முறையும் வெறும் பேர்தான். ஆச்சரியம் என்னவென்றால், வெறும் பேருக்கும் சனம் வந்தது. மூதூரில் இருந்து பஸ் மாறி வந்து, பேருக்கு ஓம் சொல்லி, திரும்ப பஸ் ஏறிப் போனது.

இதற்குள் நான் என் கெட்டித்தனத்தைக் காட்டினேன். பத்திரிகைக்கு வெப்சைட் செய்தேன். முகநூல் பக்கம் திறந்தேன். எத்தனை பேர் பார்க்கிறார்கள் என்று ஒரு கோடு ஏறி இறங்குவதைச் சம்மாட்டிக்குக் காட்டினேன். இதில் எங்கள் ஆட்கள் யார் என்று கேட்டார். தெரியாது, இது எண்ணிக்கை மட்டும்தான் என்றேன். பேர் தெரியாத ஆட்களா வந்து வாசித்துவிட்டுப் போகிறார்கள் என்று அவர் கேட்டபோது, அவருடைய முகத்தில் உண்மையான கவலை இருந்தது. வீட்டுக்கு வந்த ஆட்களைத் தண்ணிகூடக் கேட்காமல் அனுப்பிவிட்டேன் என்கிற மாதிரி.

கோடு ஏறியதே தவிர விளம்பரம் வரவில்லை. ஹோட்டல்காரர் தாங்களே முகநூலில் போட்டுக்கொண்டார்கள். செத்தவீட்டு அறிவித்தல் வட்ஸ்அப்பில் போனது. பிறகு நாட்டில் டொலர் இல்லை என்றார்கள், கடதாசி வரவில்லை. நிலாவெளித் தாள் நின்றது. கிளிவெட்டிப் பத்திரிகை நின்றது. மூதூர்ப் பத்திரிகை ஒரு மழைக்கால வாரம் வரவில்லை, பிறகு வரவே இல்லை. பட்டினத்துப் பத்திரிகை மட்டும் நாலு பக்கமாகி, இரண்டு பக்கமாகி இழுத்துக்கொண்டிருந்தது.

அப்போதுதான் கொழும்பில் இருந்து ஒரு பெரிய ஊடகக் கொம்பனி கேட்டு வந்தது. பத்திரிகையின் பேர், கட்டிடம், மிசின் எல்லாவற்றையும் எடுப்பார்கள். வேலையாட்களையும் வைத்துக்கொள்வார்கள். மிசின்காரர் யோகன் அண்ணன் அன்று மிசினைத் துடைத்த துடைப்பைப் பார்க்க வேண்டும். மிசினுக்குக் கல்யாணம் என்று நான் பகிடி விட்டேன். "சீதனமும் குடுக்கிறன், என்னையும் சேத்துக் கொண்டுபோகச் சொல்லு" என்றார்.

வந்த சட்டத்தரணி இளம் ஆள், மரியாதையான ஆள். நிறுவனப் பதிவை முதலே எடுத்துப் பார்த்திருந்தார். அதில் இருந்தவை தொடக்கத்தில் கையெழுத்து வைத்த கொஞ்சப் பேர்கள் மட்டும்தான். அதற்குப் பிறகு ஒரு பங்கும் எழுத்தில் ஏறவில்லை.

"உயிரோட இருக்கிறது நீங்களும் ரசாக் ஐயாவும்தான் மேடம். ரெண்டு கையெழுத்து. லேசா முடிச்சிடலாம்."

"மற்ற ஆக்கள்?"

"எந்த ஆக்கள்?"

சம்மாட்டி கதிரையை விட்டு எழும்பினார். இருந்தபடி அவருக்குப் பேர் கூப்பிட வராது. சல்லியின் முதல் கயிற்றுக்காரரில் தொடங்கினார். எதிர்க் கடையில் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தவர்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். சட்டத்தரணி பேனையைத் திறந்தார். சம்மாட்டி நிறுத்தினார்.

"எழுதாதேங்கோ தம்பி."

"எழுதாம ஏலாது மேடம். எனக்குப் பேர் வேணும்."

"பேரைத்தானே சொல்லுறன். கேளுங்கோ."

அந்த ஆள் பேனையை மூடவும் இல்லை, எழுதவும் இல்லை. நான் குறுக்கே விழுந்தேன். இப்போது இரண்டு பேரும் கையெழுத்து வைத்து விற்போம், வருவதை அதற்குப் பிறகு எல்லோருக்கும் பிரிப்போம், நிறுவனத்தைக் காப்பாற்ற வேறு வழி இல்லை என்று படபடவென்று சொன்னேன். சம்மாட்டி என் பேரைக் கூப்பிட்டார். நான் ஓம் என்றேன்.

"உன்ர பேரும் அந்தப் பதிவில இல்லை. உன்னை விழுங்கிப்போட்டு விக்கவா?"

பங்காளிகள் எல்லோருடைய பேரும் கையெழுத்தும் தந்தால் தாங்கள் இன்னும் வாங்கத் தயார் என்றும், ஆனால் நெடுநாள் காத்திருக்க மாட்டோம் என்றும் சொல்லிவிட்டுச் சட்டத்தரணி போனார்.

அவருடைய வாகனம் திரும்புவதற்குள் யோகன் அண்ணன் மேலே வந்தார். மையும் எண்ணெயுமான கை. மூன்று மாதமாக அரைச் சம்பளத்தில் நின்றவர், இரண்டு பெண்பிள்ளைகள். ஒருநாளும் சம்மாட்டிக்கு முன்னால் குரல் உயர்த்தாத ஆள், அன்றும் உயர்த்தவில்லை.

"செத்த ஆக்களின்ர பேரைக் காப்பாத்துறீங்க அக்கா. உயிரோட நிக்கிற எங்களை ஆர் காப்பாத்துற?"

"யோகன்" என்றார் சம்மாட்டி.

அவர் ஓம் சொல்லவில்லை. சம்மாட்டி இன்னொரு தரம் கூப்பிட்டார். யோகன் அண்ணன் கையில் இருந்த சீலைத்துண்டை மேசையில் வைத்துவிட்டுப் படி இறங்கினார். அவருக்குப் பிறகு மிசின் ஓட்டத் தெரிந்த ஆள் எங்களிடம் இருக்கவில்லை. பத்திரிகை அந்த வாரத்தோடு நின்றது. கொஞ்ச நாளில் அவர் கட்டாருக்குப் போனார்.

உண்மையைச் சொன்னால் அன்று நானும் யோகன் அண்ணனின் பக்கம்தான். வீம்பு என்றேன். ஒரு மனுஷியின் வீம்புக்காக இத்தனை வீட்டு அடுப்பு அணைகிறது என்று ரசாக் நானாவிடம் பொரிந்து தள்ளினேன். எழுதினால் என்ன, எழுதுவதுதானே எங்கள் தொழில் என்று கேட்டேன். நானா கடைப் பலகையைச் சரித்து வைத்துவிட்டு என்னை இருக்கச் சொன்னார்.

சம்மாட்டிக்கு ஒரு தம்பி இருந்தானாம். ஒரு ராணுவச் சுற்றிவளைப்பில் ஊர்ச் சனத்தை எல்லாம் கடற்கரையில் வெயிலில் இருத்தியிருக்கிறார்கள். கையில் ஒரு பட்டியல். அதைப் பார்த்துப் பேர் வாசித்திருக்கிறார்கள்.

"பேர் வந்ததும் அவன் ஓம் எண்டு எழும்பினான் மகள். அவ்வளவுதான்."

கொண்டுபோன பிறகு அவன் திரும்பி வரவில்லையாம். அந்தப் பட்டியலுக்குப் பேர் எங்கே இருந்து வந்தது என்று சம்மாட்டி கனகாலம் விசாரித்தாராம். மீன்பிடிச் சங்கத்துக்கு யாரோ நல்ல மனதோடு எழுதிக் கொடுத்த ஒரு தாளில் இருந்து வந்தது என்று தெரிந்ததாம்.

அதற்குப் பிறகு நான் அவரோடு வேறு மாதிரிப் பேசத் தொடங்கினேன் என்று நினைக்க வேண்டாம். அன்ரி என்றுதான் கூப்பிட்டேன், வாய்க்கு வாய் காட்டத்தான் செய்தேன். ஆனால் எழுதச் சொல்லிக் கேட்கவில்லை.

அந்த வருஷக் கூப்பிடுகையில் யோகன் அண்ணனின் பேர் வந்தது. மனைவி வரவில்லை, பிள்ளைகளும் வரவில்லை. ஒருவரும் ஓம் சொல்லவில்லை. ஆளில்லாத பேருக்கு நிற்பதைவிடக் கூடுதல் நேரம் சம்மாட்டி நின்றார். அடுத்த பேருக்குரியவர், கிண்ணியாக் கிழவர் ஒருவர், தன் பேர் வருவதற்கு முதலே அவசரப்பட்டு ஓம் என்றார். ஒருத்தரும் சிரிக்கவில்லை.

எனக்கு யோசனை வந்தது திரும்பி வரும் பஸ்ஸில். எழுதத்தானே கூடாது? கூப்பிடலாம்தானே? சம்மாட்டி கரையில் நின்று கூப்பிடட்டும், நான் போனில் குரலைப் பிடிக்கிறேன். பேர்கள் முழுவதும் கிடைத்துவிட்டால் ஆள் ஆளாகப் போய்க் கேட்டு, சம்மதித்தவர்கள் தாங்களே தங்கள் பேரை எழுதிக் கையெழுத்து வைக்கலாம். சம்மாட்டி ஒருவருடைய பேரையும் எழுத வேண்டியதில்லை, விழுங்கவும் வேண்டியதில்லை. கொழும்புக்காரர் இன்னும் கதவைச் சாத்தவில்லை, தொலைபேசியில் கேட்டேன், மாத முடிவு வரைக்கும் பார்ப்போம் என்றார்கள்.

சம்மாட்டியிடம் சொன்னேன். கனநேரம் போனையே திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இது எழுதினதோ, கூப்பிட்டதோ?"

"கூப்பிட்டதுதான் அன்ரி."

"அப்ப ஞாயிற்றுக்கிழமை கரைக்கு வா. சும்மா ஆளில்லாத இடத்தில எனக்குக் கூப்பிட வராது. கொஞ்சப் பேரை வரச் சொல்லு."

அவர் ஒருவருக்கு விட்டுக்கொடுத்து நான் பார்த்த ஒரே சந்தர்ப்பம் அது. எனக்குத் தலை கால் தெரியவில்லை. ரசாக் நானாவுக்குச் சொன்னேன், சல்லியில் நாலைந்து வீட்டுக்குச் சொன்னேன். போனுக்கு நல்ல மைக் ஒன்று இரவல் வாங்கினேன், காற்று இரையாமல் இருக்க அதற்கு மேல் பஞ்சு சுற்றினேன்.

ஞாயிறு காலை நான் பஸ்ஸுக்கு நிற்கும்போது குரல் பதிவு ஒன்று விழுந்தது. திறந்தேன். என் பேர், பின்னால் காற்று. நான் உடனே "ஓம்" போட்டேன். இரண்டாவது பதிவுக்காகப் போனைக் கையிலேயே வைத்துக்கொண்டு பஸ் ஏறினேன். உப்புவெளி தாண்டியது. வரவில்லை. சிக்னல் இல்லை என்று நினைத்தேன்.

கரையில் சனம் நின்றது. சம்மாட்டி கவிழ்த்து வைத்த வள்ளத்தில் சாய்ந்து மணலில் இருந்தார், மடியில் போன். களைப்பாக இருக்கும், பிள்ளை வரும் வரைக்கும் ஆறட்டும் என்று ஒருவரும் கிட்டப் போகவில்லையாம். என்னைக் கண்டதும் ரசாக் நானா அவருடைய பேரைச் சொல்லிக் கூப்பிட்டார். அவருடைய பேரை யாரும் சத்தமாகக் கூப்பிட்டு நான் கேட்டது அன்றுதான். சம்மாட்டி ஓம் சொல்லவில்லை. நானா இன்னொரு தரம் கூப்பிட்டார்.

அடுத்த நாள் சந்தியில் பெரிய பதாகை கட்டினார்கள். கண்ணீர் அஞ்சலி, படம், அதற்குக் கீழே முழங்கை நீளத்துக்கு அவருடைய பேர். பழைய பங்காளிகள்தான் காசு சேர்த்து அடித்தார்கள், அன்போடு. கழற்றச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. செத்தவீட்டு அறிவித்தல் போட எங்களிடம் பத்திரிகை இல்லை.

எட்டாம் நாள் சடங்கு முடிந்ததும் ரசாக் நானாவின் கடையில் ஆட்களைக் கூட்டினோம், பேர் சேர்ப்பதற்கு. கேட்டவர்கள் எல்லோருடைய கையிலும் பேர்கள் இருக்கும் என்றுதான் சம்மாட்டி பங்கைச் சத்தமாகக் கூப்பிட்டார். கேட்டவர்களிடம் இருந்தது தங்கள் தங்கள் பேர் மட்டும்தான். தனக்கு முன்னால் வந்த பேர் தெரியும், பின்னால் வந்த பேர் தெரியும், அதற்கு அங்கால் ஒருவருக்கும் தெரியாது. ஒரு பங்குக்கு இரண்டு மருமக்கள் வந்தார்கள், இரண்டு பேரும் கோயிலில் சத்தியம் செய்யத் தயார் என்றார்கள். வராத ஆட்கள் எத்தனை என்று சொல்ல ஆள் இல்லை. முதல் கூட்டம் சண்டையில் முடிந்தது. இரண்டாம் கூட்டத்துக்கு ஆட்கள் வரவில்லை. கொழும்புக்காரர் வேறோர் ஊரில் வேறொரு பத்திரிகையை வாங்கிவிட்டார்கள்.

பதிவில் உயிரோடு இருக்கிற பேர் இப்போது ரசாக் நானாவுடையது மட்டும்தான். அவர் நினைத்தால் கட்டிடத்தை விற்கலாம் என்று இரண்டு சட்டத்தரணிகள் சொல்லிவிட்டார்கள். கடை நட்டத்தில் ஓடுகிறது, மகளுக்குக் கல்யாணம் பேசியிருக்கிறது, ஆனாலும் கையெழுத்து வைக்க மாட்டேன் என்கிறார். "எண்ட சாமான் இல்ல மகள். ஆர்ர சாமான் எண்டு தெரிஞ்சவ போயிட்டா" என்றார். கட்டிடத்தின் திறப்புக் கொத்தை என்னிடம் தந்துவிட்டார், அவருக்கு அந்தப் படி ஏற ஏலாதாம்.

போன கிழமை கட்டாரில் இருந்து யோகன் அண்ணன் போன் எடுத்தார். வேலை, வெயில், பிள்ளைகளின் படிப்பு என்று சுற்றிச் சுற்றிக் கதைத்தார். கடைசியாகத்தான் கேட்டார்.

"என்ர பேரைக் கூப்பிட்டவவோ? நான் போன பிறகு?"

கூப்பிட்டவ என்றேன். யாரும் ஓம் சொன்னார்களா என்று கேட்டார். இல்லை, கனநேரம் நின்று பார்த்துவிட்டுத்தான் அடுத்த பேருக்குப் போனவ என்றேன். தொடர்பு அறுந்துவிட்டது என்று நினைத்து ஹலோ என்றேன்.

"மிசின் எப்பிடி இருக்கு?" என்று கேட்டார்.

நல்லாத்தான் இருக்கு அண்ணா என்று சொன்னேன்.

மிசின் அறை ஒழுகுகிறது.